ஆனை வராத இருபத்துமூன்று புள்ளிகள்

மழை பிடித்துக்கொண்டால் முப்பிடாதிக்கு இப்போதெல்லாம் கண் கடிகாரத்துக்குத்தான் போகிறது. முன்பெல்லாம் கொடியில் காயும் துணிக்குப் போகும், மிஞ்சினால் வாசலில் காயப்போட்ட வற்றலுக்குப் போகும். தென்காசிக்கும் குற்றாலத்துக்கும் நடுவே மருதம்பேரியில் நாற்பத்தாறு வருடம் சாரலிலும் அடைமழையிலும் நனைந்தே வளர்ந்தவள். மழைக்குப் பயந்தவள் என்று அவளை யாரும் சொன்னதில்லை. அந்தப் பயம் போன வருடம்தான் வந்தது, அதுவும் ஒரு செல்போன் வழியாக.

பெரிய படிப்பெல்லாம் இல்லை, பத்தாம் வகுப்பு. நூறு நாள் வேலையில் ஆட்களை மேற்பார்த்துப் பெயர் எழுதிக்கொண்டிருந்தாள். வீட்டுக்காரர் சங்கிலிப்பாண்டி பட்டாளத்தில் இருந்து வந்தவர். மகள் ஜெயசித்ரா கோயம்புத்தூரில் நர்ஸ். குளத்துக்கரைக்குக் கீழே இருக்கும் கரையடித் தெருவில் மூன்றாவது வீடு அவர்களுடையது. நாற்பத்துமூன்று வீடுகள் கொண்ட தெரு அது. கரைமேல் நின்று பார்த்தால் அத்தனை வீட்டு மொட்டைமாடியும் கண்ணுக்குக் கீழே தெரியும்.

அபர்ணா என்ற பெண் இவளைத் தேடி வந்தது போன வருடம் தை மாதம். தென்காசி கோயில் பக்கத்துத் தெருப் பெண்தான், வெளியூரில் போய்ப் படித்துவிட்டு ஆராய்ச்சிக்காக ஊருக்கே திரும்பி வந்திருந்தாள். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடியறையை வாடகைக்குப் பிடித்து ஆபீஸ் போட்டிருந்தாள். வெயிலில் நடக்கச் சலிக்காத, வட்டார நிலமெல்லாம் தெரிந்த ஆள் வேண்டும் என்று நாலு பேரிடம் விசாரித்திருக்கிறாள். நாலு பேரும் ஒரே பெயரைச் சொல்லியிருக்கிறார்கள்.

வேலை என்ன என்பதை அபர்ணா பொறுமையாகச் சொன்னாள். வயல் என்பது நெல்லை மட்டுமா தருகிறது? பெய்யும் மழையைப் பிடித்து நிறுத்துகிறது, கிணற்றுக்கு இறக்கிவிடுகிறது, மிச்சத்தை மெல்ல மெல்லக் குளத்துக்கு வடிக்கிறது. தோப்பு ஒரு வேலை செய்கிறது, காடு ஒரு வேலை செய்கிறது. அந்த வயல் நாளைக்கு மனைப்பிரிவாகவோ லாட்ஜாகவோ மாறினால் அது ஊருக்குச் செய்துவந்த வேலை என்ன ஆகும்? இதைக் கணக்குப் போடத்தான் கம்ப்யூட்டருக்குள் ஒரு தென்காசியையே செய்துவைத்து, அதன்மேல் மழையைப் பெய்யவிட்டுப் பார்க்கப்போகிறார்கள். மாடல் என்று அதற்குப் பெயர்.

முப்பிடாதிக்கு இது சட்டென்று பிடித்துவிட்டது. சம்பளம் கேட்காத வேலைக்காரன் ஒருநாள் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட்டால் வீடு என்ன பாடுபடும், அதுதானே இது என்று கேட்டாள். அபர்ணா அதைத் தன் நோட்டில் குறித்துக்கொண்டாள்.

கம்ப்யூட்டரிடம் வானத்தில் இருந்து எடுத்த படம் இருந்தது. ஆனால் படத்தில் பச்சை தெரியுமே தவிர, அது நெல் பச்சையா தென்னம் பச்சையா எலுமிச்சைப் பச்சையா என்று அதற்குத் தெரியாது. தரையில் நின்று ஒரு மனுஷி சொல்லவேண்டும். போன் வரைபடத்தில் நானூற்றுப் பன்னிரண்டு புள்ளிகள் வைத்திருந்தார்கள். ஒவ்வொன்றுக்கும் நேரில் போய், போட்டோ எடுத்து, நெல், தோப்பு, காடு, தரிசு, மனைப்பிரிவு, கட்டடம் என்று இருக்கும் பட்டியலில் ஒன்றைத் தொடவேண்டும். அதைப் பார்த்துத்தான் கம்ப்யூட்டர் மற்ற நிலத்தையெல்லாம் கற்றுக்கொள்ளும். ஆக மொத்தம் கம்ப்யூட்டருக்கு என்று தனியாகக் கண் கிடையாது, முப்பிடாதியின் கண்தான் அதற்கும் கண்.

நாசரின் ஆட்டோவை மாத வாடகைக்குப் பேசி, அவள் புளியங்குடி வரைக்கும் போய் வந்தாள். முள்ளுக்குள் இறங்கினாள், நாய் துரத்தி ஓடினாள், ஓடைக்குள் ஒரு செருப்பைத் தொலைத்தாள். இதே வேலைக்கு வந்த மற்ற ஆட்களில் வாழையைக் காடு என்று பதிந்தவர்களும் உண்டு. இவள் புள்ளிகளை அபர்ணா முதலில் சோதித்தபோது ஒன்றுகூடத் தவறவில்லை. அதற்கப்புறம் ஆபீஸில், ‘இது முப்பிடாதி அக்கா புள்ளி’ என்று சொன்னால் மேலே கேள்வி கிடையாது. அந்தப் பெயர்தான் பின்னால் அவள் கழுத்தைப் பிடித்தது.

மாசிக் கடைசியில் மருதம்பேரியின் முறை வந்தது. குளத்துக்கு மேற்கே இருக்கும் வயல்வெளிக்கு மேலப்பத்து என்று பெயர். மேலக்கால் என்ற வாய்க்கால் அதற்குத் தண்ணீர் கொண்டுவரும். மழைக்காலத்தில் அந்த வயல்களில் தங்கி, வரப்பு வரப்பாக இறங்கி, அப்புறம்தான் குளத்துக்கு வெள்ளம் வந்துசேரும். மேலப்பத்தில் இருபத்துமூன்று புள்ளிகள். நூறில் தொடங்கி நூற்றிருபத்திரண்டு வரைக்கும்.

ஆட்டோவை மேலப்பத்து முக்கில் டீக்கடை பக்கம் நிறுத்தச் சொன்னாள். எதிரே வளைவு வைத்த பெரிய கேட்டும், இருபுறமும் ஆள் உயரத்துக்கு மேல் காம்பவுண்டுச் சுவரும் இருந்தன. மனைப்பிரிவு என்று போர்டும் போட்டிருந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் எவ்வளவு தூரம் மனை, எங்கிருந்து வயல் என்பது வெளியே இருந்து தெரியாது. கேட்டில் நீல யூனிபார்மில் நின்றவர் வேறு யாருமில்லை, சங்கிலிப்பாண்டிதான். பட்டாளத்தில் இருந்து வந்தவரைக் காவலுக்குப் போட்டிருந்தார்கள். ஒரு வார்த்தை சொன்னால் அவர் திறந்துவிட்டிருப்பார்.

அவள் இறங்கவில்லை. டீயை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு, ஆட்டோவில் உட்கார்ந்தபடியே போனை எடுத்தாள். பன்னிரண்டு வயதில் இருந்து நாற்று நட்ட வயல்கள். எது எந்த மூலையில் சரிந்திருக்கும், எதில் தண்ணீர் நிற்கும், எதில் அட்டை கடிக்கும் என்பதுவரை கால் அறியும். நூறு, நெல். நூற்றொன்று, நெல். தனக்குத் தெரியாத மேலப்பத்தா? மலைப்பக்கம் ஆனை நின்றால் பக்கத்தில் போகவேண்டாம் என்பதற்காக அந்த ஆப்பில், ‘தூரத்தில் இருந்து பார்த்தது’ என்று ஒரு வழி வைத்திருந்தார்கள். அதைத் தொட்டால் போட்டோ கேட்காது, காரணம் மட்டும் கேட்கும். அவள் ‘ஆனை’ என்று தொட்டாள். இருபத்துமூன்று தடவை தொட்டாள்.

“என்னக்கா, இங்கன ஏது ஆனை?” என்று நாசர் கேட்டான். வண்டியை எடு தம்பி, நேரமாகிறது என்றாள்.

இருபத்துமூன்று ஆனையை ஒரே டீக்கடை முன்னால் நிறுத்திய பெண் தென்காசி ஜில்லாவிலேயே இவள் ஒருத்தியாகத்தான் இருக்கும். சோம்பல் என்று சொன்னால் அது அநியாயம். ஓடைக்குள் செருப்பைத் தொலைத்தவளுக்கு என்ன சோம்பல்? நூற்றுப் பதினெட்டாம் புள்ளி அவர்கள் வயலில் விழுந்திருந்தது. அதை மனைக்காரர்களுக்கு விற்று மூன்று வருடம் ஆகியிருந்தது. புருஷனும் பெண்டாட்டியுமாகக் கலந்து பேசித்தான் கையெழுத்துப் போட்டார்கள், யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. ஆனாலும் அன்றைக்கு அப்புறம் அவள் அந்தப் பக்கம் கால் வைக்கவில்லை. பஸ் ரோட்டைச் சுற்றிக்கொண்டு போவாள்.

ஆவணியில் பஞ்சாயத்துக் கூடத்தில் அபர்ணா வரைபடத்தைத் திரையில் காட்டினாள். எந்தக் குளத்துக்கு வெள்ளம் எவ்வளவு வேகமாக வரும், எந்தக் கரைக்கு ஆபத்து என்று நிறம் நிறமாகப் போட்டிருந்தது. சிவப்பில் இருக்கும் குளங்களின் கரையை இந்த மழைக்கு முன்பே பலப்படுத்துவதற்குப் பட்டியல் தயாராகிறது, பச்சைக்கு அடுத்த வருடம் பார்த்துக்கொள்ளலாம். மருதம்பேரிக் குளம் நல்ல பச்சையாக இருந்தது. மேலப்பத்து முழுக்க வயலாக இருப்பதால் மேலக்கால் உடைத்துக்கொண்டாலும் வெள்ளம் குளத்துக்கு வர மூன்று மணி நேரம் ஆகும் என்றாள் அபர்ணா. வயலை விற்றவர்களும் கூட்டத்தில் இருந்தார்கள், ஆனாலும் பச்சை என்றதும் சனங்களுக்குச் சந்தோஷம். குளத்து விவசாயிகள் சங்கத் தலைவர் மகாராஜா எழுந்து, நம்ம ஊருக்கு ஒரு குறையும் இல்லை என்று கைதட்டச் சொன்னார்.

முப்பிடாதியும் கைதட்டினாள். அந்தப் பச்சை அவள் டீக்கடையில் உட்கார்ந்து பூசிய பச்சை.

அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை. தண்ணீர்க்குழாயைத் திறந்துவிட்டு அது ஓடுவதையே பார்த்துக்கொண்டு நிற்பாள். சாயங்காலமானால் கரைமேல் போய், மண் அரித்துப்போன இடத்தைக் காலால் தடவிப் பார்ப்பாள். தெருவில் பிள்ளைகள் விளையாடுவதைப் பார்த்தால் தலையை எண்ணத் தொடங்கிவிடுவாள். சொன்னால் வேலை போகும், அதைவிட அந்தப் பெயர் போகும். சொல்லாவிட்டால் என்ன போகும் என்பதை நினைக்கவே பயமாக இருந்தது. எட்டு நாள் இப்படி ஓட்டிவிட்டு, ஒன்பதாம் நாள் புருஷனிடம் சொன்னாள்.

“இருவத்திமூணு புள்ளிக்காக யாரு ஒன்னயத் தொங்கவிடப் போறா? பேசாம கெட ஏட்டி” என்றார் சங்கிலிப்பாண்டி.

“கரை உடைஞ்சா மொத வரிசையில போறது நம்ம வீடுதான், தெரியும்லா?”

அவர் டிவியை அணைத்தார். கேட்டுக்குள் எவ்வளவு உயரத்துக்குச் சரள் மண் அடித்திருக்கிறார்கள் என்பது அந்த வீட்டில் அவருக்குத்தான் தெரியும். இடுப்பளவு இருக்கும் என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

மறுநாள் அவள் மாடியறைக்குப் போனபோது அபர்ணா லேப்டாப்பில் மூழ்கியிருந்தாள். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

“மேடம், மேலப்பத்துக்கு நான் போகல.”

“எந்தப் புள்ளிக்கு?”

“ஒண்ணுக்குமே போகல. டீக்கடையில இருந்தே போட்டேன்.”

“ஆனை நிக்குதுன்னு போட்டிருந்தீங்களே அக்கா.”

“ஆனை எதுவும் வரல, மேடம்.”

அபர்ணா சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் முப்பிடாதிக்குத் தேவலை என்று இருந்திருக்கும். லேப்டாப்பைப் பாதி மூடிவிட்டு, “மத்தவங்க புள்ளியெல்லாம் நான் ரெண்டு தடவ பாத்தேன். ஒங்களுத மட்டுந்தான் பாக்கல” என்றாள். அறிக்கை அரசாங்க மேலதிகாரிகளுக்குப் போய்விட்டது, அதில் இருப்பது அபர்ணாவின் பெயர்.

அப்புறம் அபர்ணாவே விளக்கினாள். கெட்டது இருபத்துமூன்று புள்ளி மட்டும் இல்லை. புல் முளைத்த மனைப்பிரிவைக் காட்டி இதுதான் வயல் என்று கம்ப்யூட்டருக்குச் சொல்லிக்கொடுத்தாகிவிட்டது. அது புத்திசாலிப் பிள்ளை மாதிரி அதைப் பிடித்துக்கொண்டு, வாசுதேவநல்லூர் வரைக்கும் எங்கெல்லாம் மனை போட்டுக் கிடக்கிறதோ அதையெல்லாம் வயல் என்றே எடுத்திருக்கும். பட்டியல் வெள்ளிக்கிழமை முடிவாகிறது. இன்றைக்குத் திங்கள். மூன்று நாளில் இருபத்துமூன்று புள்ளியிலும் நின்று பதிந்து வந்தால் மாடலைத் திரும்ப ஓட்டிப் பார்க்கலாம். ஏன் போகவில்லை என்று கடைசியில்தான் கேட்டாள்.

“நூத்திப் பதினெட்டு எங்க வயலு, மேடம்.”

போனுக்குச் சார்ஜ் இருக்கிறதா என்று கேட்டாள் அபர்ணா.

கேட்டின் முன் புருஷனும் பெண்டாட்டியும் அந்நியர் மாதிரி நின்றார்கள். வெளியாட்களை விடக்கூடாது என்பது ஓனர் கட்டளை. தலைக்கு மேல் கேமரா இருந்தது. சங்கிலிப்பாண்டி ஒரு தடவை கேமராவைப் பார்த்தார், ஒரு தடவை இவளைப் பார்த்தார். அப்புறம் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, பெரிய கார் வந்தால் திறக்கிற மாதிரி இரண்டு கதவையும் அகலமாகத் திறந்துவிட்டார். அடுத்த வாரமே அந்த வேலை போய்விட்டது. அதைப் பற்றி அவர் இன்றுவரை ஒரு வார்த்தை சொன்னதில்லை.

உள்ளே வரப்பே இல்லை. சிமெண்டு ரோடும், நம்பர் போட்ட வெள்ளைக் கல்லும், கல்லுக்கு நடுவில் புல்லுமாகக் கிடந்தது. ரோட்டோரம் வடிகால் குழாய் பதித்திருந்தார்கள். அதன் வாய் குளத்தைப் பார்த்து நேராக நீட்டிக்கொண்டிருந்தது. தண்ணீரோடு பழகியவளுக்கு யாரும் விளக்கவேண்டியதில்லை. இங்கே ஒரு சொட்டுகூட நின்று மூச்சுவிடாது, விழுந்த வேகத்தில் ஓடும். ஒவ்வொரு புள்ளியாக நின்றாள், போட்டோ எடுத்தாள், மனைப்பிரிவு என்று தொட்டாள்.

நூற்றுப் பதினெட்டில் போன் அதிர்ந்து, இடம் வந்துவிட்டது என்றது. நாற்பத்திரண்டு, நாற்பத்துமூன்று என்று இரண்டு கல் நின்றன. அவள் நட்ட வயல் காலுக்கு மூன்றடி கீழே கிடந்தது. அழுகை வந்தது, அழுதாள். அழுதுவிட்டு மூக்கைச் சிந்திக்கொண்டு, அதையும் மனைப்பிரிவு என்று பதிந்தாள்.

இருபத்துமூன்றில் பத்தொன்பது போயிருந்தது. மனைப்பிரிவு முடிகிற கிழக்கு ஓரத்தில், குளத்தை ஒட்டி, நாலு புள்ளி மட்டும் வயலாகவே இருந்தது. அதில் நூற்றிருபத்தொன்று பெரியது, தாழ்வானது, மகாராஜாவின் மூன்று ஏக்கர். மழைக்காலப் பிசானச் சாகுபடிக்குத் தண்ணீர் கட்டிச் சேறு குழப்பித் தொளி அடித்து, கண்ணாடியாகக் கிடந்தது. முப்பிடாதி சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு முழங்கால் சேற்றில் இறங்கி நின்று போட்டோ எடுத்தாள். எத்தனையோ நாளுக்கப்புறம் அவள் சிரித்தது அங்கேதான். வரப்பில் நின்ற மகாராஜாவும் சிரித்தார்.

“எம் மூச்சு இருக்க வரைக்கும் இதுல நெல்லுதாம் தாயி. எழுதிக்கோ” என்றார். நெல் என்று தொட்டாள். நேரில் பார்த்தது என்று தொட்டாள்.

வியாழக்கிழமை மாடல் திரும்ப ஓடியது. மருதம்பேரி சிவப்பானது. மேலக்கால் கரை தாண்டினால் எழுபது நிமிடத்தில் வெள்ளம் குளத்துக்கு வந்துவிடும் என்றது. அந்த எழுபதையும் பிடித்துவைப்பது அந்தக் கடைசி நாலு வயல்தான், அதிலும் முக்கியமாக மகாராஜா வயல் என்றாள் அபர்ணா. பட்டியலில் ஊர் மேலே ஏறியது. புரட்டாசி முடிவதற்குள் கரையின் நலிந்த இடத்தில் கல்லடுக்கி மண்மூட்டை போட்டார்கள். அபர்ணா இவளை வேலையை விட்டு நிறுத்தவில்லை. ஆனால் இவள் புள்ளிகளையும் இப்போது இரண்டு தடவை பார்க்கிறாள். அது முப்பிடாதிக்கு உறுத்தியது, அதுதான் நியாயம் என்றும் பட்டது.

எழுபது என்ற எண் அவள் தலைக்குள் உட்கார்ந்துகொண்டது. தெருவில் வீடு வீடாக நடந்து, எந்த வீட்டை எத்தனை நிமிடத்தில் காலி செய்யலாம் என்று பார்த்துவைத்தாள். நடக்க முடியாதவர்கள் யார், ஆடு மாடு எத்தனை என்பதெல்லாம் மனப்பாடம் ஆனது. பைத்தியம் பிடித்துவிட்டது என்று ஒன்றிரண்டு பேர் சாடையாகச் சொன்னார்கள்.

கார்த்திகையில் ஒரு செவ்வாய்க்கிழமை மலையே இடிந்து விழுகிற மாதிரி மழை கொட்டியது. குற்றாலத்தில் அருவிக்கரைக்கு யாரையும் விடவில்லை. மத்தியானம் ஒன்று இருபதுக்கு மேலக்கால் கரை தாண்டிவிட்டது என்று அபர்ணா போன் செய்தாள். முப்பிடாதி கடிகாரத்தைப் பார்த்தாள். இரண்டரை மணி வரைக்கும் நேரம் இருந்தது.

சங்கிலிப்பாண்டி தன் பழைய காவல் விசிலை எடுத்து ஊதிக்கொண்டு தெருவில் ஓடினார். பிள்ளைகளும் பெண்களும் மேட்டில் இருக்கும் பள்ளிக்கூடத்துக்கு நடந்தார்கள். நாசர் முடியாதவர்களை ஆட்டோவில் ஏற்றினான். தெருக்கோடியில் வடிவாம்பாள் என்ற அம்மாள், பக்கவாதத்தில் படுத்த புருஷனோடு வாசலில் வந்து நின்றாள். அதற்கு முன் பச்சைக்குழந்தையோடு இருந்த ஒரு பெண்ணை அனுப்பவேண்டியிருந்தது. உங்களுக்கு அடுத்த நடை, நிறைய நேரம் இருக்கிறது, பதறாதீர்கள் என்று முப்பிடாதி அவள் தோளைத் தட்டிச் சொன்னாள்.

இரண்டு ஐந்துக்குத் தண்ணீர் வந்துவிட்டது.

குளத்து மேற்கு மூலையில் செம்மண் நிறத்தில் ஒரு பாய்ச்சல் தெரிந்தது. கண்மூடித் திறப்பதற்குள் குளம் கரைமட்டத்துக்கு ஏறி, தாழ்ந்த இடத்தில் வழிந்து தெருவுக்குள் இறங்கியது. முப்பிடாதி கடிகாரத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தாள். கடிகாரம் சரியாகத்தான் ஓடியது. வடிவாம்பாள் வீட்டு வாசலில் முழங்கால் தண்ணீர். ஆட்டோ தெருவுக்குள் வர முடியவில்லை. சங்கிலிப்பாண்டியும் நாசரும் அந்த மனுஷனைப் பிளாஸ்டிக் நாற்காலியோடு தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு நடந்தார்கள். பின்னால் வடிவாம்பாளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு முப்பிடாதி வந்தாள். பதறாதீர்கள் என்று சொன்னோமே, சொன்னோமே என்று அவள் வாய் முணுமுணுத்துக்கொண்டே இருந்தது.

கல்லடுக்கிய இடம் தாங்கியது. கரை உடையவில்லை. மூன்று வீட்டுச் சுவர் விழுந்தது, அதில் ஒன்று முப்பிடாதியின் அடுப்படிச் சுவர். ஆள்சேதம் இல்லை.

பள்ளிக்கூட வராந்தாவில் ஈரத்தோடு உட்கார்ந்திருந்தபோது அபர்ணா போனில் கேட்டாள், எத்தனை நிமிடம் என்று. நாற்பத்தைந்து என்றாள் முப்பிடாதி. எழுபது வரவேண்டுமே, புள்ளியில் ஏதாவது தவறா என்று மெதுவாகத் தயங்கிக் கேட்டாள் அபர்ணா.

“நின்னு பாத்ததுதான் மேடம். முழங்கால் தொளியில நின்னு பாத்தேன். சத்தியமா.”

சொன்னபோது அவள் கண் தன்னையறியாமல் மகாராஜாவைத் தேடியது. அவர் வகுப்பறை மூலையில் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இவள் பக்கம் திரும்பவே இல்லை.

விடிந்ததும் மழை விட்டிருந்தது. கேட்டில் சங்கிலிப்பாண்டிக்குப் பதிலாகப் போட்ட புதுக் காவல்காரர் அன்றைக்கு இன்னும் வந்திருக்கவில்லை, கேட்டு திறந்தே கிடந்தது. முப்பிடாதி கிழக்கு ஓரத்துக்கு நடந்தாள். போன் அதிர்ந்து, நூற்றிருபத்தொன்று வந்துவிட்டது என்றது. காலடியில் சரள் மண். மூன்று ஏக்கரும் மேடாகி, லாரி டயர் தடத்தில் மட்டும் தண்ணீர் தேங்கி நின்றது. ஓரத்தில் நம்பர் எழுதாத வெள்ளைக் கற்கள் அடுக்கிக் கிடந்தன. காம்பவுண்டுக்குள்ளேயே லாரி வந்து போனதால் ஊருக்குள் ஒருத்தருக்கும் தெரியவில்லை. கேட்டில் நின்று பார்த்துச் சொல்லக்கூடியவரை இவளே வேலையில்லாமல் ஆக்கியிருந்தாள்.

பின்னால் குடையோடு மகாராஜா வந்து நின்றார். ஐப்பசி முதல் வாரம் கிரயம் முடிந்ததாம். பத்து நாளில் மண் அடித்துவிட்டார்களாம்.

“சொல்லணும்னுதாம் இருந்தேன் தாயி” என்றார்.

கேட்கவேண்டும் என்று இரவு முழுக்க அவள் பேச்சைச் சேர்த்துவைத்திருந்தாள். வடிவாம்பாள் புருஷன் நாற்காலியில் தொங்கிய கோலத்தைச் சொல்ல நினைத்தாள். டீக்கடையும் கையில் இருந்த டீயும் ஞாபகத்துக்கு வந்தன, அதைச் சொல்லாமல் போனை எடுத்தாள். அவரும் அப்புறம் நிற்கவில்லை.

ஆப்பைத் திறந்தாள். இந்தப் புள்ளி ஏற்கெனவே பதிவாகியிருக்கிறது, மாற்றவேண்டுமா என்று கேட்டது. ஆம் என்று தொட்டாள். இரண்டு மாதத்துக்கு முன்னால் சத்தியமாக இருந்த ஒன்று பொய்யாகிக் கிடந்ததை அன்றைக்குத்தான் அவள் முதல்முறையாகத் தன் கையால் அழித்தாள்.

மீதி மூன்று. நூற்றிருபத்திரண்டு வாய்க்காலுக்கு அந்தப் பக்கம், குத்தாலிங்கத்தின் வயல். நாற்று பாதி மூழ்கிக் கிடந்தது. எழுபது வயது மனுஷன், வேட்டியை மடித்துக்கட்டிக்கொண்டு, உடைந்த வரப்பை மண்வெட்டியால் அடைத்துக்கொண்டிருந்தார். முப்பிடாதி போட்டோ எடுக்கவில்லை. நேரே அவரிடம் போய் நின்றாள்.

“அண்ணாச்சி, ஒண்ணு கேக்கேன், கோவிக்காதிய. இத விக்கப் போறியளா? போறதா இருந்தா இப்பமே சொல்லிருங்க. கரையடியில நாப்பத்திமூணு வீடு இருக்கு.”

குத்தாலிங்கம் மண்வெட்டியை நிறுத்தினார். அவளைப் பார்த்தார், மேற்கே வரிசையாக நின்ற வெள்ளைக் கல்லைப் பார்த்தார். திரும்பவும் குனிந்து ஒரு வெட்டு மண் எடுத்து வரப்பில் வைத்து மிதித்தார்.

“காப்பி குடிச்சியா தாயி?” என்று கேட்டார்.